பழைய அரங்குகளும் மெமரி கார்டுப் படங்களும்: கேள்வி பதில்

கேள்வி: திருட்டுப் படம் கைப்பேசிக்குள் வந்ததால்தான் சென்னையின் பழைய திரையரங்குகள் மூடப்பட்டன என்கிறார்களே, உண்மையா ஐயா?

பதில்: பாதி உண்மை. 1964இல் அண்ணா சாலையில் மூன்று அரங்குகளோடு எழுந்த சஃபையர் வளாகம் 1990களிலேயே மூடப்பட்டுவிட்டது. அப்போது கைப்பேசியில் படம் பார்க்க வழியே இல்லை. அத்தகைய சாலையில் மனையின் மதிப்பு டிக்கெட் வருமானத்தை மிஞ்சியதும், அரங்கை இடித்து வேறு கட்டடம் எழுப்புவதே உரிமையாளருக்கு ஆதாயமாயிற்று. திருட்டுப் பிரதியால் நேரடியாக அடிபட்டவை, புறநகரிலும் சிற்றூர்களிலும் இருந்த, நகரில் ஓடி முடிந்த படங்களைப் பிறகு திரையிடும் இரண்டாம் வெளியீட்டு அரங்குகளே. படப்பெட்டி அங்கே வந்துசேருமுன் திருட்டு விசிடியும், பின்னாளில் மெமரி கார்டும் வீடுகளுக்குள் நுழைந்துவிட்டன.

கேள்வி: திருட்டு விசிடிக்குப் பேர்போன பர்மா பஜாரையும் மரபு இடமாகக் கருதலாமா?

பதில்: தாராளமாக. பர்மாவிலிருந்து திரும்பிய தமிழர்களின் பிழைப்புக்காக 1969இல் உருவான கடைவீதி அது. அந்த வரலாற்றை விசிடிக் கணக்கோடு முடித்துவிடுவது நியாயமன்று.

கேள்வி: கைப்பேசிகளில் பரவும் பிரதிகளால்தானே பல பழைய படங்கள் அழியாமல் இருக்கின்றன?

பதில்: படத்தின் பெயர் மறக்கப்படாமல் இருக்க அவை உதவலாம், படத்தைக் காப்பாற்ற உதவா. சிறிய திரைக்காகச் சில நூறு எம்பிக்குள் சுருக்கும்போது நுண்ணிய விவரங்கள் நீக்கப்படுகின்றன. நீக்கப்பட்டவற்றை அந்தக் கோப்பிலிருந்து மீட்க முடியாது. முறையான மீட்டெடுப்புக்கு மூல நெகட்டிவோ நல்ல பிலிம் பிரதியோ வேண்டும். நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த, தென்னிந்தியாவின் முதல் மௌனப் படமான 'கீசக வதம்' இன்று எவ்வடிவிலும் இல்லை. மாறாக, 1933இல் திருவனந்தபுரத்தில் திரையிடப்பட்ட 'மார்த்தாண்ட வர்மா' உரிமை மீறல் வழக்கில் சிக்கி முடங்கியது; வழக்குத் தொடுத்த மூல நாவலின் பதிப்பாளர் வசம் கிடந்த அதன் பிரதி 1974இல் புனே தேசியத் திரைப்படக் காப்பகத்தை அடைந்தது. வழக்கே படத்தைக் காத்தது என்பது வேடிக்கையான முரண். இன்னொன்றையும் கவனிக்க வேண்டும்: இந்தியாவில் திரைப்படத்தின் காப்புரிமை, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள். எனவே 1964ஆம் ஆண்டுப் படத்தின் உரிமை 2024 முடிவோடு தீர்ந்தது. பாடல் வரிக்கும் இசைக்கும் தனிக் கணக்கு உண்டு.

கேள்வி: புதுப்படம் எந்த அரங்கில் திருடப்பட்டது என்பதை எப்படிக் கண்டறிகிறார்கள்?

பதில்: டிஜிட்டல் திரையிடும் கருவி, கண்ணுக்குத் தெரியாத அடையாளக் குறியைப் படத்தினுள் சேர்க்கிறது. கைப்பேசியில் பதிவுசெய்த பிரதியிலிருந்தும் அரங்கையும் நேரத்தையும் அதைக்கொண்டு பெரும்பாலும் கண்டறியலாம்.

கேள்வி: தண்டனை என்ன?

பதில்: அரங்கில் பதிவுசெய்தால், 2023ஆம் ஆண்டுத் திரைப்படத் திருத்தச் சட்டப்படி 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், குறைந்தது 3 லட்சம் ரூபாய் அபராதமும் உண்டு. காசு வாங்கிக்கொண்டு மெமரி கார்டில் படம் ஏற்றித் தரும் கடைக்காரர் காப்புரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவில் வருவார். தமிழ்நாட்டில் வீடியோ திருட்டு 2004 முதல் குண்டர் சட்டத்திலும் சேர்க்கப்பட்டுள்ளது.