நோட்டை மூடாமல் கம்ப்யூட்டரைக் குறை சொல்லலாமா?

கே: 2025ஆம் ஆண்டின் பொருளாதார நோபல் பரிசை, நாடுகள் நீண்ட காலம் வளர்வதற்குத் தொழில்நுட்பப் புதுமையே காரணம் என்று விளக்கிய மூவருக்குக் கொடுத்தார்கள். எங்கள் ஜவுளிக் கம்பெனியில் மூன்று வருஷத்துக்கு முன்பே லட்சக்கணக்கில் செலவழித்து சாஃப்ட்வேர் போட்டோம். நூல் வரவு, தறிக்குப் போனது, பில் எல்லாம் அதில்தான். (பாதுகாப்புக்குப் பழைய நோட்டுகளையும் எழுதி வருகிறோம்.) உற்பத்தியும் கூடவில்லை, லாபமும் ஏறவில்லை. நோபல்காரர்கள் சொல்வதெல்லாம் ஏட்டுச் சுரைக்காய்தானே?

- பெயர் வெளியிட விரும்பாத வாசகர், ஈரோடு

ப: சுரைக்காய் நிஜமானதுதான். நீங்கள் இன்னும் அதை அடுப்பில் ஏற்றவில்லை. அடைப்புக்குறிக்குள் ஒரு வரி எழுதியிருக்கிறீர்களே, பதில் அங்கேதான் இருக்கிறது. அதற்கு முன் அமெரிக்கா வரை ஒரு நடை போய் வருவோம்.

1882 செப்டம்பரில் நியூயார்க்கின் பேர்ல் தெருவில் எடிசன் மின் நிலையம் திறந்தார். 1888இல் டெஸ்லாவின் இண்டக்‌ஷன் மோட்டாருக்குக் காப்புரிமை கிடைத்தது. ஆலைகளுக்கு வேண்டிய சரக்கு 19ஆம் நூற்றாண்டிலேயே தயார். ஆனாலும் 1900 வாக்கில் அமெரிக்க ஆலைகளின் இயந்திர சக்தியில் மின் மோட்டாரின் பங்கு 5 சதவீதம்கூட இல்லை. பாதிக்கு வர 1920 ஆயிற்று. உற்பத்தித்திறன் எகிறியதோ அதற்கும் பிறகு. நாற்பது வருஷம் என்னதான் செய்துகொண்டிருந்தார்கள்?

பழைய ரைஸ்மில்லுக்குள் போய்ப் பார்த்தவர்களுக்கு இதைச் சொல்வது சுலபம். மேலே நீளமாக ஒரு ஷாஃப்ட் ஓடும். அதிலிருந்து பட்டை பட்டையாக பெல்ட் இறங்கி ஒவ்வொரு மெஷினையும் சுற்றும். அன்றைய அமெரிக்க ஆலை முழுவதுமே அப்படித்தான். ஒரு மூலையில் நீராவி எஞ்சின். அதிலிருந்து உத்தரத்தை ஒட்டி மெயின் ஷாஃப்ட், கிளை ஷாஃப்ட், நூற்றுக்கணக்கில் புல்லி, தோல் பெல்ட். ஒரு மெஷின் மட்டும் ஓட வேண்டும் என்றாலும் மொத்த ஷாஃப்ட்டும் சுழல வேண்டும். உராய்விலேயே சக்தியில் மூன்றில் ஒரு பங்கு, சில இடங்களில் அதற்கு மேலும் போய்விடும். ஷாஃப்ட் நீளநீள முறுக்கும் இழப்பும் கூடும். அதனால் ஆலையைத் தரையில் பரப்பாமல் மாடி மேல் மாடியாகக் கட்டினார்கள். அதிக சக்தி வேண்டிய மெஷின் எஞ்சினுக்குப் பக்கத்தில். அடுத்த வேலைக்கான மெஷின் மூன்றாவது மாடியில் இருந்தாலும் கேட்க ஆளில்லை. சரக்கு ஏறி இறங்கியே களைத்துப்போகும். மேலிருந்து எண்ணெய் சொட்டும். பெல்ட் போவதற்காகத் தளத்தில் விட்ட ஓட்டை வழியே தீ அடுத்த மாடிக்கு ஏறும்.

மின்சாரம் வந்ததும் ஆலை முதலாளிகள் செய்த முதல் காரியம், நீராவி எஞ்சினைக் கழற்றிவிட்டு அதே இடத்தில் ஒரு பெரிய மோட்டாரை வைத்தது. ஷாஃப்ட் அப்படியே, பெல்ட் அப்படியே, மாடியும் அப்படியே. நிலக்கரியில் கொஞ்சம் மிச்சம், அவ்வளவுதான். 'மின்சாரம் என்ன பெரிய மின்சாரம்' என்று அன்றைக்கும் ஈரோட்டிலிருந்து யாராவது கடிதம் போட்டிருக்கலாம்.

அடுத்த கட்டத்தில் ஷாஃப்ட்டைத் துண்டாக்கி, பத்துப் பதினைந்து மெஷினுக்கு ஒரு மோட்டார் என்று பிரித்தார்கள். கடைசியாகத்தான் மெஷினுக்கு ஒரு மோட்டார். இங்கேதான் கதை திரும்புகிறது. உத்தரம் காலியானதால் அங்கே கிரேன் ஓட இடம் கிடைத்தது, கூரை வழியே வெளிச்சம் வந்தது. சக்தி எங்கே கிடைக்கும் என்று பார்த்து மெஷினை வைக்கும் கட்டாயம் போய், வேலையின் வரிசைப்படி வைக்க முடிந்தது. மாடிகளுக்கு அவசியம் இல்லாமல் ஒரே தளம் போதுமென்றாயிற்று. ஒரு மெஷின் பழுதானால் அது மட்டும் நிற்கும்.

எல்லோரும் உதாரணத்துக்கு ஃபோர்டை இழுப்பார்கள். அவருடைய ஹைலண்ட் பார்க் ஆலையின் பழைய படங்களைப் பார்த்தால் மேலே பெல்ட் காடாகத்தான் இருக்கும்! ஆனால் மெஷின்களை வேலை வரிசைப்படி நெருக்கி வைத்திருந்தார்கள். 1913இல் நகரும் வரிசை (ஆள் நின்ற இடத்தில் நிற்க, கார் நகர்ந்து வரும் ஏற்பாடு) வந்த பிறகு, ஒரு காரின் அடிச்சட்டத்தைப் பூட்டப் பிடித்த பன்னிரண்டரை மணி நேரம் 93 நிமிஷமாகச் சுருங்கியது. ஆக மோட்டாரை வாங்கியதைவிட மெஷினை இடம் மாற்றியதில்தான் பலன் அதிகம்.

அப்படியானால் ஏன் எல்லோரும் உடனே மாறவில்லை? நன்றாக ஓடும் நீராவி எஞ்சினையும் போட்ட கட்டடத்தையும் எவன் இடிப்பான்? அவை தேய்ந்து தீரும்வரை காத்திருந்தார்கள். யூனிட் விலை இறங்கவும், ஒயரிங் தெரிந்த ஆட்கள் உருவாகவும் காலம் பிடித்தது. முதல் உலகப் போருக்குப் பின் வெளிநாட்டு ஆள் வரவு குறைந்து கூலி ஏறியதும்தான் முதலாளிகள் அசைந்தார்கள். 1920களில் அமெரிக்க ஆலைகளின் உற்பத்தித்திறன் ஆண்டுக்கு ஏறக்குறைய 5 சதவீதம் வளர்ந்தது. 1 சதவீதத்தில் இரட்டிப்பாக எழுபது வருஷம் ஆகும். 5 சதவீதத்தில் பதினான்கே வருஷம். நம் கோவையில் 1932இல் நீலகிரியின் பைக்காரா நீர்மின் நிலையத்திலிருந்து மின்சாரம் வந்த பிறகு எழும்பிய நூற்பாலைகளுக்குக் கழற்றி எறிய எஞ்சினே இல்லை. பின்னால் வந்தவனுக்கு அது ஒரு யோகம்.

இனி உங்கள் லட்சங்கள். அமெரிக்கப் பொருளாதார நிபுணர் ராபர்ட் சோலோ 1957இல் ஒரு கணக்குப் போட்டார். 1909 முதல் 1949 வரை அமெரிக்காவில் ஒரு மணி நேர உழைப்பின் உற்பத்தி இரட்டிப்பானது. அதில் மெஷின், கட்டடம் என்று முதலீடு கூடியதால் வந்தது எட்டில் ஒரு பங்கு. மிச்சம் ஏழு பங்கும் 'தொழில்நுட்ப மாற்றம்'. இந்தச் சொல்லுக்குள் வேலையின் ஒழுங்கு, ஆட்களின் திறமை எல்லாவற்றையும் அவர் சேர்த்தே போட்டார். நீங்கள் கொடுத்த காசு அந்த எட்டில் ஒன்றில் விழுகிறது. ஏழு பங்கு இன்னும் உங்கள் நோட்டுக்குள் மாட்டிக்கொண்டிருக்கிறது. 1987இல் இதே சோலோதான், கம்ப்யூட்டர் யுகம் எங்கும் தெரிகிறது, உற்பத்தித்திறன் கணக்கில் மட்டும் தெரியவில்லை என்று கிண்டலும் செய்தார். அதே வருஷம் அவருக்கும் நோபல் கிடைத்தது.

நீங்கள் மோட்டாரையும் எஞ்சினையும் ஒரே ஷாஃப்ட்டில் பூட்டியிருக்கிறீர்கள். இரண்டு பதிவு இருந்தால் இரண்டும் ஒத்துப்போகாது. மாலையில் ஆபீஸில் உட்கார்ந்து நோட்டைப் பார்த்து கம்ப்யூட்டரில் ஏற்றினால், மத்தியானம் அது காட்டும் ஸ்டாக் நேற்றையது. தறிக்கு நூல் அனுப்புகிறவர் அதை நம்பாமல் குடோனுக்குப் போன் போட்டுக் கேட்பார். குடோன்காரர் நோட்டைப் புரட்டிச் சொல்வார். பிறகு நோட்டை எப்படி மூடுவது?

பதிவை ஆபீஸிலிருந்து குடோன் வாசலுக்கு மாற்றுங்கள். லாரியிலிருந்து நூல் மூட்டை இறங்கும்போதே எடை போட்டு ஏற்ற வேண்டும். மூன்று மாதக் கடைசியில் கையால் எண்ணி, கணக்கோடு ஒப்பிடுங்கள். வித்தியாசம் எந்த இடத்தில் விழுகிறது என்று பிடித்துச் சரிசெய்துவிட்டு, ஒரு தேதி குறித்து நோட்டை மூடுங்கள். தினமும் பேக்கப் எடுத்து, ஒரு நகலைக் கம்பெனிக்கு வெளியே வையுங்கள். நீங்கள் தேடிய பாதுகாப்பு அதுதான்.

பரிசு பெற்ற மூவரில் அகியோனும் ஹோவிட்டும் சொன்னது, புதியது பழையதை ஒழித்துத்தான் இடம் பிடிக்கும் என்பதை. மோகிர் சொன்னதில் ஒரு பகுதி, அப்படி ஒழிவதைச் சமூகம் தாங்க வேண்டும் என்பது. உங்கள் கம்பெனியில் அந்தச் சமூகம், நோட்டு எழுதும் கணக்குப்பிள்ளை. நோட்டை மூடினால் தனக்கு என்ன வேலை என்று அவருக்குத் தெரியாதவரை கம்ப்யூட்டர் கணக்கு ஒருநாளும் சரியாக வராது. குடோன் வாசல் பதிவை அவரிடமே கொடுங்கள். எந்த நூல் எந்தப் பெயரில் வருகிறது என்பது அவருக்குத்தான் தெரியும்.