மௌனப்படங்களில் நிலத் தகராறு: வாசகர் கேள்விகள்

கேள்வி: பழைய அமெரிக்க மௌனப்படங்களில் துப்பாக்கிச் சண்டை பெரும்பாலும் நிலத்துக்காகவே மூள்கிறதே, உண்மையிலும் அங்கே நிலத் தகராறு அவ்வளவு இருந்ததா?
– வாசகர், தஞ்சாவூர்

பதில்: இருந்தது. 1862ஆம் ஆண்டுச் சட்டப்படி, ஐந்து ஆண்டுகள் குடியிருந்து பயிர்செய்பவருக்கு 160 ஏக்கர் அரசு நிலம் ஏறத்தாழ இலவசமாகக் கிடைத்ததால், அதுவரை அங்கே மாடு மேய்த்தவர்களுக்கும் வேலி போட வந்த குடியானவர்களுக்கும் ஆகாமல் போயிற்று.

வில்லியம் எஸ். ஹார்ட் நடித்த 'டம்பிள்வீட்ஸ்' (1925) இதை நேர்த்தியாகக் காட்டுகிறது. இன்றைய ஓக்லஹோமாவின் வடபகுதியில், 'செரோக்கி அவுட்லெட்' எனப்பட்ட 60 லட்சம் ஏக்கருக்கும் மேற்பட்ட நிலம் 1893 செப்டம்பர் 16 அன்று நண்பகலில் குடியேற்றத்துக்குத் திறந்துவிடப்பட்டது. ஒரு லட்சத்துக்கும் அதிகமானோர் குதிரையிலும் வண்டியிலும் எல்லைக்கோட்டில் காத்து நின்று, வேட்டுச் சத்தம் கேட்டதும் பாய்ந்தார்கள். முந்திச் சென்று முளை அடித்தவருக்கே நிலம் என்பதால், முன்கூட்டியே உள்ளே புகுந்து பதுங்கியவர்களும் உண்டு. 'சூனர்' எனப்பட்ட அவர்களால் எழுந்த வழக்குகள் நில அலுவலகங்களில் ஆண்டுக்கணக்கில் இழுத்தன. படத்தின் நாயகன்மீதும் அந்தப் பழிதான் விழுகிறது.

ஆனால் அந்த நிலம் யாருடையது? செரோக்கி என்னும் பூர்வகுடி மக்கள் 1883 முதல் அதை ஆண்டுக்கு ஒரு லட்சம் டாலருக்கு மாட்டுப் பண்ணையாளர் சங்கத்துக்குக் குத்தகைக்கு விட்டிருந்தார்கள். மாடுகளை வெளியேற்றும்படி அரசு 1890இல் ஆணையிட்டு அந்த வருமானத்தை அடைத்த பிறகே, அவர்கள் சுமார் 85 லட்சம் டாலருக்கு நிலத்தை விற்க நேர்ந்தது. மேய்ச்சல் நிலத்தைப் பிரியும் மாட்டுக்காரர்களின் துயரத்தை மனம் கரையக் காட்டும் இப்படத்தில், செரோக்கியரின் இழப்பு ஒரு வழக்காகவே எழவில்லை. அதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

கேள்வி: அப்படியானால் பூர்வகுடிகளின் பக்கம் நின்ற மௌனப்படமே இல்லையா?
– வாசகி, மதுரை

பதில்: உண்டு. டி. டபிள்யூ. கிரிஃபித் 1910இல் இயக்கிய 'ரமோனா' என்னும் ஒரே ரீல் படம், வெள்ளையர் பூர்வகுடிகளுக்கு இழைத்த அநீதியின் கதை என்று தன் துணைத்தலைப்பிலேயே சொல்லிவிடுகிறது. ஒரு காட்சியில் பூர்வகுடி நாயகன் அலெஸாண்ட்ரோ மலைமுகட்டில் நிற்கிறான். வெகு கீழே, பள்ளத்தாக்கில், அவனுடைய ஊர் எரிந்து புகைகிறது. கைகளை உயர்த்திக் கதறுவதைத் தவிர அவனால் ஒன்றும் செய்ய இயலவில்லை. பிறகு மனைவி ரமோனாவோடு ஒதுங்கிய இடத்திலிருந்தும் விரட்டப்பட்டு, குழந்தையைப் பறிகொடுத்து, இறுதியில் அவனும் கொல்லப்படுகிறான். நிலம் பறிபோவதைப் பறிகொடுத்தவன் நிற்குமிடத்திலிருந்தே காட்டியதால், 'டம்பிள்வீட்ஸ்' படத்தைவிட இதையே உயர்வாக மதிக்கிறேன். எனினும் ரமோனாவாக நடித்த மேரி பிக்ஃபோர்டும், அலெஸாண்ட்ரோவாக நடித்த ஹென்றி வால்தாலும் வெள்ளையர்களே.