பனியில் சொட்டிய ரத்தம்

வணக்கம் சார்,

'ஸ்வோர்ட் ஆஃப் த ஸ்ட்ரேஞ்சர்' அனிமே படத்தை நேற்றிரவு நானும் தம்பியும் பார்த்தோம். கடைசிச் சண்டை முடிந்து நனாஷியும் சிறுவன் கோதாரோவும் ஒரே குதிரையில் போகிறார்கள். பனியில் ரத்தம் சொட்டுகிறது. நனாஷி செத்துவிடுவான் என்கிறான் தம்பி, பிழைத்துவிடுவான் என்கிறேன் நான். யார் சொல்வது சரி? இவ்வளவு நல்ல படத்துக்கு ஏன் இரண்டாம் பாகம் வரவில்லை?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

முதல் தடவை பார்த்தபோது நான் உங்கள் தம்பி கட்சி. இப்போது உங்கள் பக்கம் கொஞ்சம் சாய்ந்திருக்கிறேன். வயதாகிவிட்டதும் ஒரு காரணமாக இருக்கலாம்.

படம் ரத்தத்தைக் காட்டுகிறது, அப்புறம் என்ன ஆயிற்று என்று சொல்லாமல் முடிந்துவிடுகிறது. ஆனால் கடிவாளம் யார் கையில் இருக்கிறது என்று கவனித்தீர்களா? கோதாரோவின் கையில். குதிரையேற்றம் அவனுக்கு நனாஷி சொல்லிக்கொடுத்ததுதான். பழைய கௌபாய் படங்களில் அடிபட்ட வீரன் தனியாகப் போய்விடுவான், பையன் பின்னால் நின்று கூப்பிடுவான். இங்கே பையன்தான் அவனை ஏற்றிக்கொண்டு போகிறான்.

நனாஷி என்றால் பெயரில்லாதவன். எஜமானின் கட்டளைக்காகச் சிறுவர்களைக் கொன்ற கை அவனுடையது. அதற்குப் பிறகுதான் வாளை உறையோடு சேர்த்துக் கட்டிவிட்டான். படம் முழுக்க உறையாலேயே அடித்துச் சமாளிக்கிறான். கடைசியில் கட்டு அவிழ்வது இன்னொரு சிறுவனைக் காப்பாற்ற. எதிரே நிற்பவன் லுவோ லாங், மிங் பேரரசருக்காகச் சாகாவர மருந்து தேடி வந்த சீனக் கூட்டத்தின் வாள்வீரன். அவனுக்கோ சாகாவரமும் வேண்டாம், பேரரசரும் வேண்டாம். தனக்குச் சமமான ஓர் ஆள் கிடைத்தால் போதும். ஒருவன் செந்தலையைக் கறுப்புச் சாயத்தில் மறைத்தவன், மற்றவன் சீனர்களுக்கு நடுவே பொன்முடிக்காரன். ஜப்பானியர்களும் சீனர்களும் போட்டுக்கொண்ட சண்டையில் கடைசியில் மிஞ்சுவது இரண்டு அந்நியர்கள்.

அந்த மோதலை வரைந்தவர்களில் முக்கியமானவர் யுதாகா நகாமுரா. அனிமேஷன் படிப்பவர்கள் இன்றும் அதை நிறுத்தி நிறுத்திப் பார்க்கிறார்கள். எனக்குள்ள ஒரே குறை, பலருக்கு இந்தப் படமே அந்தச் சில நிமிடத் துண்டாகச் சுருங்கிவிட்டது. வாள் கட்டியிருந்தது தெரியாதவனுக்கு அது உருவப்படும்போது என்ன புரியும்? வித்தை பார்த்த மாதிரி கைதட்டிவிட்டுப் போகலாம், அவ்வளவுதான்.

இரண்டாம் பாகம் வராதது நல்லதுதான். 2007இல் போன்ஸ் ஸ்டூடியோ எடுத்த இந்தப் படத்துக்கு மூலமாக மங்கா (ஜப்பானியச் சித்திரக்கதை) எதுவும் இல்லை. புதிதாக எழுதிய கதை. இயக்குநர் மசாஹிரோ ஆண்டோவுக்கு இது முதல் படம். சில வருடம் கழித்து அவர் வெந்நீர் ஊற்று விடுதியில் வேலை பார்க்கும் ஒரு பெண்ணைப் பற்றித் தொடர் எடுத்தார். அதில் வாளே கிடையாது! தொடர்ச்சி என்று ஒன்று வந்திருந்தால் முதல் காட்சியிலேயே நீங்களோ தம்பியோ தோற்றிருப்பீர்கள்.

இன்னொரு தடவை பார்ப்பதாக இருந்தால் அந்தக் குதிரைப் பாடத்திலிருந்து ஆரம்பியுங்கள். தோபிமாரு பிழைத்ததில் மட்டும் நம் மூவருக்கும் கருத்து வேறுபாடு இருக்காது என்று நினைக்கிறேன். நல்ல நாய்.