இஸ்மிர் இரட்டையருக்கான பெயர்கள் குறித்து

வணக்கம். உங்கள் கதையில், 1990ஆம் ஆண்டு ஜனவரியில், துருக்கியின் இஸ்மிர் நகரத்துப் புயலிரவில் பிறக்கும் இரட்டையருள் பெண்ணுக்கு மெல்டெம் என்றும் ஆணுக்கு யாக்முர் என்றும் பெயரிடலாமா எனக் கேட்டிருந்தீர்கள்.

மெல்டெம் அழகான பெண்பெயர்தான். ஆயினும் அது ஈஜியன் கரையில் கோடையில் வீசும் இதமான கடற்காற்றைக் குறிப்பதால், குளிர்காலப் புயலோடு ஒட்டாது. மழை எனப் பொருள்படும் யாக்முர் (Yağmur) பெரும்பாலும் பெண்களுக்கே வைக்கப்படுவதால், அதையே மகளுக்குச் சூட்டுங்கள். அதன் நடுவிலுள்ள மெல்லொலி எழுத்தான ğ ககரமாக ஒலிக்காமல் முன்னுள்ள உயிரை நீட்டுவதால், தமிழில் 'யாமுர்' என்று எழுதுவதே ஒலிப்புக்கு நெருக்கமானது.

மகனுக்கு, திடீரெனச் சீறியெழும் கடுங்காற்றைக் குறிக்கும் 'போரா' என் முதல் தேர்வு. 'பொய்ராஸ்' என்பதும் வடகிழக்கிலிருந்து வரும் குளிர்காற்றே; கிரேக்கரின் வாடைக்காற்றுத் தெய்வமான போரியாஸின் பெயரிலிருந்து துருக்கிக்கு வந்த அருமையான சொல் அது. எனினும், அது அண்மைக் காலக் குழந்தைகளிடையேதான் பெருகியிருப்பதால், உங்கள் கதை நடக்கும் ஆண்டுக்குச் சற்றுப் புதிய பெயராகத் தோன்றும். புயலுக்கு நேர்ச்சொல்லான 'ஃபிர்தினா'வை ஆட்பெயராக வைப்பது அரிது என்பதால், அதைத் தவிர்த்துவிடுங்கள்.