எழுதியவர் கையிலேயே தொடர்: கேள்வி பதில்

கேள்வி: 'பிரேக்கிங் பேட்' என்ற அமெரிக்க டிவி தொடரை உருவாக்கிய வின்ஸ் கில்லிகனை எழுத்தாளர் என்றும் தயாரிப்பாளர் என்றும் சொல்கிறார்கள். பணம் போட்டவரும் அவர்தானா? (வாசகி, மன்னார்குடி)

பதில்: இல்லை. தயாரித்த ஸ்டூடியோ சோனி, ஒளிபரப்பியது ஏஎம்சி சேனல். அமெரிக்கத் தொடர்களில் தயாரிப்பாளர் என்று பெயர் வருகிறவர்களில் பலர் எழுத்தாளர்கள்தான். யார் நடிப்பது, எடிட்டிங்கில் எது போவது என்பது வரை அவர்கள் பேச்சு எடுபடும். நான் சீரியலுக்கு வசனம் எழுதிய காலத்தில், தாளைக் கொடுத்ததோடு என் வேலை முடிந்துவிடும். எந்த வரி வெட்டுப்படாமல் தப்பியது என்பது டிவியில் பார்த்தால்தான் தெரியும். அதனாலேயே கில்லிகனின் கதை மேல் எனக்குத் தனிப் பிரியம்.

1967-ல் வர்ஜீனியாவில் பிறந்தவர். 1989-ல் அந்த மாநிலத்தின் திரைக்கதைப் போட்டியில் ஜெயித்தார். நடுவர்களில் ஒருவர், 'ரெயின் மேன்' தயாரிப்பாளர் மார்க் ஜான்சன். பிற்காலத்தில் 'பிரேக்கிங் பேட்' வரை கூடவே வந்தவர் அவர். ஆனால் பரிசு வாங்கிய 'ஹோம் ஃப்ரைஸ்' படமாக வெளிவர 1998 ஆகிவிட்டது! நடுவில் கில்லிகனுக்குத் தொழில் கற்றுக்கொடுத்தது 'தி எக்ஸ் ஃபைல்ஸ்' என்ற அமானுஷ்ய மர்மத் தொடர். தன் நிழலே ஆளைக் கொல்லும் ஒருவனின் கதையோடு 1995-ல் உள்ளே நுழைந்தவர், அங்கேயே எழுத்தாளராகி, தயாரிப்பாளராகவும் உயர்ந்தார்.

கேள்வி: காமெடி அப்பாவாக நடித்துக்கொண்டிருந்த பிரையன் க்ரான்ஸ்டனை, 'பிரேக்கிங் பேட்'டில் போதைப்பொருள் காய்ச்சும் வாத்தியார் வால்டர் வைட்டாக கில்லிகன் எப்படி யோசித்தார்? (வாசகர், நாகர்கோவில்)

பதில்: அதற்கும் விதை 'எக்ஸ் ஃபைல்ஸ்'தான். 1998-ல் அதில் 'டிரைவ்' என்றொரு எபிசோடை கில்லிகன் எழுதினார். ஒருவனுக்குக் காதுக்குள் அழுத்தம் ஏறிக்கொண்டே போகிறது. மேற்கு நோக்கிப் போய்க்கொண்டே இருந்தால்தான் தாங்கும், நின்றால் மண்டை வெடித்துவிடும். துப்பாக்கியைக் காட்டி அதிகாரி மோல்டரைக் கார் ஓட்ட வைக்கிறான். வழியெல்லாம் யூத வெறுப்பைக் கக்குகிறான். பார்க்கிற நமக்கு அவனை அடியோடு பிடிக்காது, ஆனால் செத்தால் மனசு வலிக்க வேண்டும். எவ்வளவு கஷ்டமான வேலை, பாருங்கள்! அதைச் செய்து காட்டியவர் க்ரான்ஸ்டன்.

பல வருஷம் கழித்து, ஏஎம்சி நிர்வாகிகள் 'மால்கம் இன் த மிடில்' காமெடித் தொடரின் அப்பாவா என்று தயங்கியபோது, கில்லிகன் அந்த எபிசோடைத்தான் போட்டுக் காட்டினார். தயக்கம் போய்விட்டது. 2008-ல் தொடர் வந்தது. சிறந்த நடிகருக்கான எம்மி விருதை அந்தப் பாத்திரத்துக்காகவே க்ரான்ஸ்டன் நான்கு முறை வாங்கினார்.

இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். வால்டரின் கூட்டாளி ஜெஸ்ஸி பாத்திரத்தை முதல் சீசனிலேயே சாகடிப்பதாகத்தான் திட்டம். ஆரோன் பால் நடிப்பைப் பார்த்த கில்லிகன் மனசை மாற்றிக்கொண்டார். நடிக்கிறவரைப் பார்த்துக் கதையைத் திருத்தும் உரிமை எழுதியவர் கையிலேயே இருந்தது. நம் ஊர் எழுத்தாளர்களுக்கு நான் ஆசைப்படுவது இதற்குத்தான்.

கேள்வி: அப்புறம் என்ன செய்தார்? (அதே வாசகர்)

பதில்: பீட்டர் கூல்டுடன் சேர்ந்து, 'பிரேக்கிங் பேட்'டில் வரும் வக்கீல் சாலின் முன்கதையான 'பெட்டர் கால் சால்', 2015 முதல் 2022 வரை. அதில் கிம் என்ற பாத்திரமாக வந்த ரியா சீஹார்னை மனதில் வைத்தே எழுதிய 'புளூரிபஸ்' 2025-ல் ஆப்பிள் டிவியில் வந்தது. 'சால்' பார்க்காதவர்கள் அதை முதலில் பார்த்துவிடுங்கள்.