ஆலும் வேலும் அமீன் சயானியும்

கேள்வி: 'பினாகா கீத்மாலா' பற்றிப் பெரியவர்கள் உருகி உருகிப் பேசுகிறார்கள். பற்பசை விற்பதற்காக ரேடியோவில் நடத்திய பாட்டு நிகழ்ச்சிதானே அது? (ஒரு வாசகர், திண்டுக்கல்)

பதில்: பற்பசை என்றீர்களே, அதைப் பிடித்துக்கொள்கிறேன். 'ஆலும் வேலும் பல்லுக்குறுதி, நாலும் இரண்டும் சொல்லுக்குறுதி' என்று பல்லையும் சொல்லையும் ஒரே மூச்சில் சொன்னவர்கள் நாம். 'பல் போனால் சொல் போச்சு' என்பதும் அந்தக் கணக்குதான். பினாகாவும் இரண்டையும் சேர்த்தே கொடுத்தது. பல்லுக்குப் பசை, சொல்லுக்கு அந்த ஹிந்தி சினிமாப் பாட்டு நிகழ்ச்சியை நடத்திய அமீன் சயானி. பசை தீர்ந்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. சொல் இன்னும் காதில் நிற்கிறது.

1952 டிசம்பரில் ரேடியோ சிலோனில் நிகழ்ச்சி தொடங்கியபோது சயானிக்கு 20 வயது நிறையவில்லை. வாரம் 25 ரூபாய் சம்பளம். பம்பாயில் பதிவு செய்து, நாடாவைக் கொழும்புக்கு அனுப்புவார்கள். புதன்கிழமை இரவு 8 மணி. ஏழு பாட்டுகளைச் சரியாக வரிசைப்படுத்தி எழுதினால் 100 ரூபாய் பரிசு. முதல் நிகழ்ச்சிக்கே 9,000 கடிதங்கள் வந்தன. அது வாரம் 65,000 வரை போனதும் போட்டியை விட்டுவிட்டு, அந்த வாரத்தின் 16 பாட்டுகளைத் தரவரிசைப்படுத்த ஆரம்பித்தார்கள்.

பம்பாய்ப் பாட்டு ஏன் கொழும்பு சுற்றி வரவேண்டும்? 1952ல் தகவல் ஒலிபரப்பு அமைச்சரான பி.வி. கேஸ்கருக்குச் சினிமாப் பாட்டு ஆகாது. அகில இந்திய வானொலி அதற்குக் கதவைச் சாத்தியது. உலகப் போரில் நேச நாட்டுப் படைகளுக்காக வைத்த டிரான்ஸ்மிட்டர் ரேடியோ சிலோன் கையில் இருந்தது. ஜனங்கள் முள்ளை அந்தப் பக்கம் திருப்பிவிட்டார்கள். 1957ல் சினிமாப் பாட்டு ஒலிபரப்பும் விவித் பாரதியைத் தொடங்கித்தான் அரசாங்கம் அவர்களைத் திரும்ப அழைக்க வேண்டியிருந்தது.

தடை என்றதும் ஆர்மோனியத்தைச் சொல்லாமல் போக முடியாது. 1940ல் அதை வானொலியை விட்டே விரட்டினார்கள். திரும்ப உள்ளே விட 30 வருஷத்துக்கு மேல் ஆனது. பாரதியாரும் ஆர்மோனியத்தைக் கண்டித்து எழுதியவர்தான். அவர் சொன்ன மற்ற எல்லாவற்றுக்கும் தலை வணங்குவேன், இதற்கு மட்டும் மாட்டேன். நம் நாடக மேடையில் ஆர்மோனியக்காரர் கட்டையைப் பிடித்த பிறகுதானே ராஜபார்ட்டே வாயைத் திறப்பார்!

சரி, சயானிக்கு வருகிறேன். அவருடைய அம்மா குல்சும் சயானி, காந்தியின் சொல்லை ஏற்று, புதிதாக எழுத்துக் கூட்டிப் படிப்பவர்களுக்காக 'ரஹ்பர்' என்ற பத்திரிகையை நடத்தினார். நாகரி, உருது, குஜராத்தி என்று மூன்று லிபி, ஒரே எளிய பேச்சு. மகன் அதில் கூடமாட வேலை செய்து மொழி கற்றார். அதனால்தான் 'பெஹனோ அவுர் பாயியோ' என்று சகோதரிகளை முதலில் அழைத்த அந்தக் குரல் எந்த வீட்டுக்கும் அந்நியமாக இல்லை. பாட்டின் இடத்தைக்கூட 'பாயதான்' என்பார், படிக்கட்டின் படி. இன்று பண்பலையில் பாட்டு முடியும் முன்பே பேச்சு அதன் மேல் ஏறி மிதிக்கிறது. இதைப் பலமுறை எழுதிவிட்டேன், இனியும் எழுதுவேன்.

நான் சிறுவனாக இருந்தது பம்பாய் மாட்டுங்காவில். வால்வு ரேடியோ சூடேறிப் பச்சைக் கண் விழிப்பதற்குள் எதிர் வீட்டு மாமி கையைத் தலைப்பில் துடைத்துக்கொண்டு வந்துவிடுவார். காய்கறி வாங்கும் அளவுக்குத்தான் அவருக்கு ஹிந்தி. காலண்டர் தாளின் பின்பக்கம் 16 முதல் 1 வரை எண் போட்டு, பாட்டு வர வர முதல் வரியைத் தமிழில் எழுதிக்கொள்வார். சிற்றலை அமுங்கினால் பென்சிலைத் தூக்கிப் பிடித்தபடி காத்திருப்பார். ஒரு புதன்கிழமை 11ஆம் படியைக் கரகரப்பு விழுங்கிவிட்டது. மறுநாள் காலை குழாயடியில் குடத்தை வைத்துவிட்டு, மூன்று மாடியும் ஏறி இறங்கி விசாரித்து, அந்த ஒரு வரியை நிரப்பிய பிறகுதான் தண்ணீர் பிடிக்கப் போனார்.

அந்த மாமி பல் துலக்கியது, கடைசிவரை, ஊரிலிருந்து வந்த பல்பொடியில்.