இங்கிலாந்துக் கால்பந்து அணி லிவர்பூலின் முன்னாள் ஃபின்லாந்து தடுப்பாட்டக்காரர் சாமி ஹூபியா ஓய்வுக்குப் பின் என்ன ஆனார்?

1999-ல் நெதர்லாந்தின் வில்லம் 2 அணியிலிருந்து வெறும் 26 லட்சம் பவுண்டுக்கு வந்தவர், லிவர்பூலுக்கு 464 ஆட்டங்கள் ஆடினார். வேகம் குறைவுதான், பந்து எங்கே விழும் என்று முன்பே கணித்து நின்றுகொள்வார். எதிரணிக் கோலின் முன்னுள்ள பெனால்டி பெட்டிக்குள்ளும் அவர் உயரம் தொல்லைதான். 2005 சாம்பியன்ஸ் லீக் காலிறுதியில் சக வீரர் ஜெரார்டின் கார்னரை லூயிஸ் கார்சியா தலையால் தட்டிவிட, பின்போஸ்ட் (தொலைவுக் கோல்கம்பம்) பக்கம் நின்ற ஹூபியா, பந்து தரையில் விழுமுன்பே இடக்காலால் அடித்தார். எதிரணியான இத்தாலியின் யுவென்டஸ் வலை அதிர்ந்தது.

2011-ல் ஜெர்மனியின் லெவர்குசன் அணியில் ஓய்வு. மறு ஆண்டே அங்கே சாஷா லெவண்டோவ்ஸ்கியுடன் கூட்டுப் பயிற்சியாளர். 2012-13-ல் மூன்றாமிடம், அந்த சீசன் ஜெர்மன் லீகில் பயர்ன் மியூனிக்கை வீழ்த்திய ஒரே அணி அவர்களுடையதுதான். தனியாகப் பொறுப்பேற்றதும் சறுக்கல்: 2014 ஏப்ரலில் நீக்கம், டிசம்பரில் இங்கிலாந்தின் பிரைட்டன் அணியிலிருந்து ராஜினாமா, 2016-ல் சுவிட்சர்லாந்தின் சூரிக் அணியிலும் நீக்கம்.